எதை இறக்கி வைக்கிறீங்க?

நாலாம் தட்டின் கடைசிக் கல் சூடாக இருந்தது.

கையைச் சுடும் சூடு இல்லை. யாரோ இப்போதுதான் எழுந்து போன நாற்காலியில் இருக்குமே, அந்த வெதுவெதுப்பு. கையுறையைத் தாண்டி அது விரலுக்கு வந்ததும் அவள் துணியைச் சட்டென்று இழுத்துக்கொண்டாள். பதினோரு வருடமாக இந்தக் கூடத்தில் நினைவுக் கற்களைத் துடைத்து அடுக்குகிறாள். யாராவது கல்லை நெற்றியில் வைத்து, மனதில் கனப்பதை அதற்குள் இறக்கி வைக்கும்போது மட்டும்தான் கல் சூடாகும். இறக்கி முடித்த கையோடு ஆறிவிடும். இன்று விடிந்ததிலிருந்து அடிக்கிற மழையில் உள்ளே ஒரு ஈ காக்கை கூட வரவில்லை. கூட வேலை பார்க்கும் இரண்டு பேரும் மழையைச் சாக்கு வைத்து மட்டம் போட்டுவிட்டார்கள்.

இறக்கி வைக்க வருகிறவர்களிடம் அவள் கேட்பது ஒரே கேள்வி. "எதை?" கேட்டுக் கேட்டே அவளுக்கு ‘எதைக்கா’ என்று பேர் விழுந்துவிட்டது. கேட்காமல் விட்டால் வம்பு. கல்லுக்கு நெளிவு சுளிவு தெரியாது. சொன்னதைச் சொன்னபடி எடுத்துக்கொள்ளும், எடுத்தது தலையில் மிஞ்சாது. அதே கல்லை மறுபடி நெற்றியில் வைத்தால்தான் உள்ளே இருப்பது தெரியும். "அவர் செத்த அன்னிக்கு நடந்ததை" என்று சொல்ல வேண்டும். ஒரு அம்மாள் அழுத அழுகையில் "அவரை" என்று சொல்லிவிட்டாள். வீட்டுக்குப் போய், கொடியில் கிடந்த சட்டையைக் காட்டி, இது எவனுடையது என்று பிள்ளைகளை அதட்டினாளாம். கூடத்தில் சொல்லிச் சொல்லிச் சிரிக்கிற கதை அது. அவளும் சிரித்திருக்கிறாள்.

இந்தக் கல்லை இதுவரை துடைத்ததாகவே அவளுக்கு ஞாபகம் இல்லை. கூரை ஒழுகி அந்த மூலையில் சொட்டியதால்தான் இன்று துணி அங்கே போனது. ஈர மரத்தின் புளித்த வாடைக்கு நடுவே வேறு ஏதோ ஒரு வாசனை, எண்ணெய் தடவிச் சீவிய தலை போல, வந்து வந்து போனது. கல்லில் கட்டியிருந்த சீட்டைத் திருப்பினாள்.

"யார் கேட்டாலும் கொடுக்கலாம். எனக்கு மட்டும் கூடாது."

அவள் கையெழுத்து. கொம்பை அப்படிப் பெரிதாகச் சுழிப்பது அவள் ஒருத்திதான். அதற்குக் கீழே, ‘எதை’ என்ற இடத்தில், ஒரே ஒரு சொல்.

"அவளை."

எந்த அவளை? மனதைத் துழாவினாள். ஒன்றும் அகப்படவில்லை. அகப்பட்டது ஓர் ஆணி மட்டும். வீட்டில் வாசற்கதவுக்குப் பக்கத்தில், இடுப்புக்கும் கீழே அடித்திருக்கும் ஆணி. போகும்போதும் வரும்போதும் அதில் துணி மாட்டிக் கிழியும். "தச்சருக்கு ஆணி அடிக்கிற லட்சணத்தைப் பாரு, பிடுங்கித் தொலைங்க" என்று புருஷனைத் திட்டுவாள். அவர் பட்டறைக்குக் கிளம்பிவிடுவார்.

ஒரு சின்னக் கை எட்டுகிற உயரம். ஏன் இது இத்தனை நாள் உறைக்கவில்லை?

சாயங்காலம் அவளை அழைத்துப் போகக் குடையோடு வந்த புருஷன், அவள் கையில் இருந்ததைப் பார்த்து வாசலிலேயே நின்றுவிட்டார்.

"அதை வச்சிடு."

"நமக்குப் பொண்ணு இருந்தாளாங்க?"

"சொல்ல மாட்டேன்னு சத்தியம் வாங்கினவளே நீதான்."

"இருந்தாளா?"

அவர் குடையை மடக்காமலே தரையில் உட்கார்ந்தார். "ஏழு வயசு. போன மழைக்கு, ஏரியில. செத்ததை மட்டும் இறக்கி வைன்னு தலைப்பாடா அடிச்சுக்கிட்டேன். ஊரையே கேள்வி கேக்கறவ, நீ போய் ‘அவளை’ன்னு சொல்லிட்ட."

பெற்ற பிள்ளை. ஒரு சொட்டுக் கண்ணீர் வரவில்லை அவளுக்கு. யார் வீட்டுச் சாவையோ கேட்டது போல இருந்தது. அதுதான் தாங்கவில்லை.

"கல்லு சூடா இருக்குங்க."

"என்ன?"

"ஒரு வருஷம் ஆச்சுங்கறீங்க. இன்னும் எதையோ யாரோ இறக்கிக்கிட்டே இருக்காங்க."

கையுறையைக் கழற்றினாள். "வேணாண்டி" என்று அவர் எழுந்து வருவதற்குள் கல் நெற்றியில் இருந்தது.

ஏரியைத்தான் எதிர்பார்த்தாள். தண்ணீரை, கூச்சலை. வந்தது இந்தக் கூடம். நாலாம் தட்டிலிருந்து பார்த்த கூடம். கீழே துணியோடு ஒருத்தி வருகிறாள். அவள்தான். முதல் தட்டு, இரண்டாம் தட்டு, மூன்றாம் தட்டு. நாலாம் தட்டில் கடைசிக்கு முந்தின கல் வரை துடைத்துவிட்டுத் திரும்பிப் போகிறாள். மறுநாளும் வருகிறாள். திரும்பிப் போகிறாள். மறுநாளும். ஒவ்வொரு நாளின் முடிவிலும் ஒரு சின்னக் குரல்.

இன்னிக்கும் என்னைத் துடைக்கல.

ஒரு வருடம். ஒரு நாள் விடாமல்.

பிறகு குரல் அவளைப் பார்த்துத் திரும்பியது. பக்கத்தில். மிகப் பக்கத்தில்.

அம்மா. எனக்கு எறங்கணும்மா.

அழுகை அப்போதுதான் வந்தது. மடை திறந்து வந்தது. "வாடி கண்ணு. வந்துடு" என்றாள்.

எதை என்று கேட்கவில்லை.

குளிர்.

கை இல்லை. வாய் இல்லை. மூடுவதற்கு இமை இல்லை.

கல்லுக்கு வெளியே அவள் உடம்பு கண் திறந்தது. கையிலிருந்த கல்லைத் தள்ளிப் பிடித்துப் பார்த்தது. மூக்கைப் புறங்கையால் துடைத்துக்கொண்டது.

"என்ன பண்ணின?" அவர் அந்தத் தோளைப் பிடித்து உலுக்கினார். "எதை... எதை இறக்கி வச்ச?"

"அம்மாவை" என்றது உடம்பு. "கால் வலிக்குதுப்பா."

அவர் அந்த முகத்தைப் பார்த்தார். பிறகு கல்லைப் பார்த்தார். அவருக்குத் தெரிந்துவிட்டது. தெரிந்துவிட்டது என்பது அவளுக்கும் தெரிந்தது. என்னங்க. என்னங்க, இங்கே. இங்கே.

கல்லை இரண்டு கையாலும் மெல்ல வாங்கி, நாலாம் தட்டின் கடைசியில், இருந்த இடத்திலேயே வைத்தார்.

"வீட்டுக்குப் போலாம் கண்ணு."

வாசலில் தேங்கிய தண்ணீரை அவள் உடம்பு அவர் கையைப் பிடித்துக்கொண்டு ஒரே தாவலாகத் தாண்டியது. கதவு சாத்தும் சத்தம். பூட்டும் சத்தம்.

கூரையிலிருந்து ஒரு சொட்டு, அவள் மேல் விழுந்தது.