மூன்றாவது ஜோடி

முன்னறையில் மூன்று ஜோடி காலணிகள் கிடந்தன. வீட்டில் இருந்ததோ இரண்டே பேர்.

அந்த ஊர்ப் பக்கம் யாரும் காலணியோடு வீட்டுக்குள் வருவதில்லை. கழற்றி வைத்ததை எண்ணினாலே உள்ளே எத்தனை பேர் என்று தெரிந்துவிடும். அன்னெலி ருட்ஸ்ட்ரம் தன் தோல் செருப்பையும், ஒலிப்பதிவாளர் டோர்பியோனின் அகலமான ஷூவையும் பார்த்தாள். பக்கத்தில் ஒரு வெள்ளைக் கேன்வாஸ் ஜோடி. இடது காலில் மட்டும் சிவப்புக் கயிறு. அடியில் தண்ணீர் தேங்கியிருந்தது.

தோழி கெர்ஸ்டினுக்கு வெள்ளைக் கயிறு அறுந்துபோனதும் சிவப்பைக் கோத்துக் கொடுத்தவள் அன்னெலிதான். நாற்பது வருஷத்துக்கு முன் அந்த ஜோடியைச் சவப்பெட்டிக்குள் வைத்தவளும் அவள்தான்.

"அன்னெலி, ஆரம்பிக்கலாமா?" உள்ளிருந்து டோர்பியோன் கூப்பிட்டார். "டிவியில உங்க சிரிப்பப் பாத்துதானே இந்த நாடே காலையில பல்லு தேய்ச்சுது. இப்ப குரலையும் கேக்கட்டும்."

அவள் சிரித்துவைத்தாள். தொலைக்காட்சி அவளைக் கழற்றிவிட்டு ஆறு வருஷம் ஆகிவிட்டது. கோடை வந்தால் பிரபலங்கள் வானொலியில் ஒரு மணி நேரம் தங்கள் வாழ்க்கையைச் சொல்வார்கள். நாடே படகிலும் புல்வெளியிலும் படுத்துக்கொண்டு கேட்கும். இந்த வருஷம் அவளுக்கு அந்த அழைப்பு வந்திருந்தது. இதை விட்டால் இனி யாரும் கூப்பிடப் போவதில்லை, அது அவளுக்கு நன்றாகவே தெரியும்.

ஜன்னலுக்கு வெளியே ஜூலை வெயில் கடல்மேல் வெள்ளையாகக் கொட்டிக்கிடந்தது, படகுத்துறையின் தார் வாசனையும் பைன் பிசின் வாசனையும் கலந்து உள்ளே வந்தன, அவற்றுக்கு அடியில் வெகுநாள் மூடிக்கிடந்த ஈரத்துணியின் வாடை ஒன்றும் இருந்தது. அவள் ஒலிவாங்கி முன் உட்கார்ந்து, எழுதிவைத்திருந்ததைப் படித்தாள். முதல் படம். அதில் நடிக்க அவளுக்கும் கெர்ஸ்டினுக்கும் போட்டி. கெர்ஸ்டின் நீந்தப் போன அந்த மதியம்.

"நான் அப்போது வீட்டுக்குள் காபி போட்டுக்கொண்டிருந்தேன்."

நாற்பது வருஷமாகச் சொல்லிச் சொல்லி வழவழப்பான பொய். அன்று அவள் படகுத்துறையில்தான் நின்றாள். கையில் படகுக் கயிறு இருந்தது. மூழ்கிக்கொண்டிருந்த கெர்ஸ்டின் இரண்டு முறை அவள் பெயரைச் சொல்லிக் கத்தினாள். அன்னெலி கயிற்றை வீசவில்லை. அந்தப் படம் அவளுக்குக் கிடைத்தது.

"பிரமாதம்," என்றார் டோர்பியோன். "இப்ப அரை நிமிஷம் யாரும் பேசாதீங்க. வெறும் அறையோட அமைதிய எடுத்துக்கணும், வெட்டி ஒட்டறதுக்கு."

விரலை உயர்த்தினார். கடல் கேட்டது. கடிகாரம். பிறகு, அவள் முதுகுக்குப் பின்னால், சொட்டு. இன்னொரு சொட்டு. ஈரமான மூச்சு.

டோர்பியோன் முகம் சுளித்து, அவளுக்குப் பின்னால் பார்த்து உதட்டில் விரல் வைத்தார்.

"உங்க தோழிகிட்ட கொஞ்சம் தள்ளி நிக்கச் சொல்லுங்க. பாவம், மூச்சு ரொம்ப வாங்குது."

"எந்தத் தோழி?"

"விளையாடாதீங்க. எனக்குக் கதவத் திறந்துவிட்டதே அவங்கதானே." அவர் ஹெட்போனைக் கழற்றிவிட்டு எழுந்தார். "அதோ, காபிக்குக் கூப்புடறாங்க பாருங்க. இலவங்கப்பட்டை பன்னும் இருக்காம்."

அவர் சமையலறைக்குப் போனார். அன்னெலி திரும்பிப் பார்க்கவில்லை. முடியவில்லை. வெளியே ஓட வேண்டும். முன்னறைக்கு ஓடினாள்.

அவளுடைய செருப்பு இருந்தது. டோர்பியோனின் ஷூ இருந்தது.

இரண்டே ஜோடி.

அப்பாடா என்று மூச்சு விட்டாள். உடனே பாதம் சில்லிட்டது. குனிந்தாள்.

வெள்ளைக் கேன்வாஸ். சிவப்புக் கயிறு. முடிச்சு தானாக இறுகியது.

கால் நடந்தது. அவள் நடக்கவில்லை. கால் நடந்தது. கதவு. புல். படகுத்துறையின் பலகை. கத்தினாள். ஒருமுறை. இன்னொரு முறை. தண்ணீர் இடுப்புக்கு வந்தது. கழுத்துக்கு.

சமையலறை ஜன்னலில் டோர்பியோனின் முதுகு தெரிந்தது. எதிரே, ஈரக் கூந்தல் முகத்தில் ஒட்டிய ஒருத்தி அவர் கோப்பையில் காபி ஊற்றிக்கொண்டிருந்தாள்.

"அன்னெலி எங்க?" அவர் கேட்பது தண்ணீருக்கு மேல் தெளிவாகக் கேட்டது.

"தெரியலையே," என்றது அன்னெலியின் சொந்தக் குரல். "நான் உள்ள காபி போட்டுக்கிட்டிருந்தேன்."