பச்சைச் சீட்டு

காலை ஒன்பது மணிக்கு வந்த மனிதர் உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. கழுத்தில் சோதனைக்கூட அடையாள அட்டை திரும்பிக் கிடந்தது. இரண்டு கால்களிலும் வெவ்வேறு செருப்பு.

"மேடம், எங்க சோதனைக்கூடத்துலேருந்து ஒரு பேட்டரி திருட்டுப் போயிருக்கு. ஆனா போகலைன்னு எல்லாரும் சாதிக்கிறாங்க. நான்தான் பைத்தியமாம்."

அவர் மேடம் என்று அழைத்த பெண்மணியை ஊரே 'சாம்பலம்மா' என்றுதான் சொல்லும். தீயணைப்புத் துறையில் இருபத்திரண்டு வருடம், எரிந்து முடிந்த வீடுகளுக்குள் போய், நெருப்பு எந்த மூலையில் பிறந்தது என்று சாம்பலைக் கிளறிச் சொன்னவர். இப்போது அதையே தனியாகச் செய்கிறார். கூடவே இருப்பவர் அவருடைய கொழுந்தன். விபத்தில் நசுங்கிய வண்டிகளுக்குச் சேதம் மதிப்பிடுவது அவர் வேலை. அண்ணியோடு சுற்றுவதும் எடுத்த எடுப்பில் யாரையாவது குற்றவாளி ஆக்குவதும் அவர் வாழ்க்கை.

"முதல்ல தண்ணி குடிங்க," என்றார் சாம்பலம்மா. "என்ன பேட்டரி?"

"ஸ்கூட்டருக்குள்ள வைக்கிறது. கைப்பிடி போட்டு வெளிய எடுத்துக்கலாம். முந்தாநாள் நான்தான் அதைச் சோதனை பண்ணேன். விதிப்படி, உள்ள இருக்கிற பாதுகாப்புச் சுற்றைத் துண்டிச்சிட்டு, கொள்ளளவுக்கு மேல சார்ஜ் ஏத்திக்கிட்டே போகணும். தீப்பிடிக்குதா, வெடிக்குதான்னு பாக்கணும். தீப்பிடிக்கல."

"அப்ப நல்ல பேட்டரிதானே?" என்றார் கொழுந்தன்.

சோதனைக்காரர் அவரை ஒரு மாதிரி பார்த்தார். "நல்ல கம்பெனி சார். ஆனா அந்த ஒரு பேட்டரி இனிமே சவம். உள்ளுக்குள்ள வெந்து கிடக்கு. தடுக்கிற சுற்றும் இல்ல. மறுபடி யாராவது சார்ஜ்ல போட்டா..." அவர் முடிக்கவில்லை. "அதனாலதான் ஏழு நாள் மணல் பெட்டியில வைச்சுட்டு மறுசுழற்சிக்கு அனுப்பணும்னு விதி. இன்னிக்குக் காலையில பெட்டியைத் திறந்தா வேற பேட்டரி இருக்கு."

"வேறதுன்னு எப்படித் தெரியும்?"

"சூடு பாக்குற கம்பியை நாலு இடத்துல பசை போட்டு ஒட்டியிருந்தேன். அந்தத் தழும்பு சுரண்டினாலும் போகாது. இப்ப இருக்கிறதுல தழும்பே இல்ல."

சாம்பலம்மா செருப்பை மாட்டிக்கொண்டார். இத்தனை வருடத்தில் நெருப்புக்கு முன்னால் அவரை யாரும் கூப்பிட்டதில்லை.

சோதனைக்கூடத்தின் பின்புறம், தகரக் கொட்டகைக்குள் இருந்தது அந்த இரும்புப் பெட்டி. உலர்ந்த மணலில் மூன்று பேட்டரிகள் பாதி புதைந்திருந்தன. இரண்டின் கைப்பிடியில் சிவப்புச் சீட்டு, ஒன்றில் பச்சை. சிவப்புச் சீட்டு கட்டிய இரண்டும் கருகி, வயிறு வெடித்திருந்தன. பச்சைச் சீட்டு கட்டியது மட்டும் கருகாமல் முழுசாக இருந்தது.

மேலாளர் கையைப் பிசைந்துகொண்டு பின்னாலேயே வந்தார். "பாருங்க மேடம், எண் சரியா இருக்கு. எடை சரியா இருக்கு. ஒவ்வொரு பேட்டரியும் பிறந்ததுலேருந்து மறுசுழற்சி வரைக்கும் எண்ணும் எடையும் ஒத்துப்போகணும், அவ்வளவுதான் விதி. ஒத்துப்போகுது. இவர் தூக்கம் கெட்டு உளறுறார். அடுத்த வாரம் தணிக்கைக்கு வர்றாங்க, வெளிய தெரிஞ்சா எங்க உரிமமே போயிடும்."

"ஒரே மாடல்னா எடை ஒத்துப்போகாம எங்க போகும்?" என்றார் சாம்பலம்மா. எண் ஒட்டியிருந்த தாளை விரலால் தடவினார். ஒரு மூலை கிழிந்து, உரித்து மறுபடி ஒட்டியது தெரிந்தது. பிறகு மின்முனைகளைப் பார்த்தார். இரண்டிலும் கறுப்பு டேப் இரண்டிரண்டு சுற்றாகச் சுற்றியிருந்தது.

"இது நீங்க ஒட்டினதா?"

"இல்லையே! நாங்க பிளாஸ்டிக் மூடி போடுவோம். முந்தாநாளும் மூடிதான் போட்டேன்," என்றார் சோதனைக்காரர்.

கொழுந்தன் குனிந்து டேப்பின் நுனியைப் பிடித்தார். நுனி கொஞ்சம் மடித்துவிடப்பட்டிருந்ததால் ஒரே இழுப்பில் வந்துவிட்டது. "பரவாயில்லையே, உரிக்கிறவன் நகம் போகக் கூடாதுன்னு யோசிச்சு ஒட்டியிருக்கான். எங்க ஆபீஸ்ல ஒருத்தன் இல்ல இப்படி."

"சாவி யார் யார்கிட்ட இருக்கு?"

மேலாளரிடம் ஒன்று. கிடங்குப் பொறுப்பாளரிடம் ஒன்று. ஏழு நாள் முடிந்த பேட்டரிகளை மறுசுழற்சி ஆலைக்குக் கொண்டுபோகும் வண்டியோட்டியிடம் ஒன்று. சோதனைக்காரர்கள் கிடங்குக்காரரைக் கூட்டி வந்துதான் பெட்டியைத் திறக்கவேண்டும்.

திரும்பும் வழியில் அந்த வண்டியோட்டியின் சரக்கு வண்டி நின்றது. ஊருக்குள் சேகரித்த பழைய பேட்டரிகள் ஆலைக்குப் போகத் தயாராக அடுக்கியிருந்தன. பக்கவாட்டுப் பலகையில் பெரிய எழுத்தில், 'எதையும் வீணாக்காதீர்' என்று இருந்தது. சாம்பலம்மா அந்தப் பேட்டரிகளைப் பார்த்தபடி அங்கே ஒரு நிமிடம் நின்றார். கொழுந்தன் அதற்குள் கிடங்கு வாசலில் நின்ற ஸ்கூட்டரைக் கண்டுபிடித்துவிட்டார்.

"அண்ணி! அதே மாடல். கிடங்குக்காரரோடது. பிடிச்சாச்சு!"

"அதுல பேட்டரி இருக்கா, தழும்பு இருக்கான்னு பாத்தியா?"

கொழுந்தன் ஓடிப்போய்ப் பார்த்துவிட்டு முகம் சுருங்கித் திரும்பினார். தழும்பு இல்லை. "அப்ப கம்பெனிக்காரன் வேலை. சோதனை முடிவை மறைக்க ஆள் வைச்சு மாத்தியிருக்கான்."

"மறைக்கணும்னா எரிஞ்சதைத்தானே எடுத்திருப்பான்? சிவப்பு ரெண்டும் அப்படியே கிடக்கு. ஜெயிச்ச பேட்டரியை எவன் மறைப்பான்?" சாம்பலம்மா கடிகாரத்தைப் பார்த்தார். மணி பத்து நாற்பது. "எல்லாரையும் மேலாளர் ரூமுக்கு வரச் சொல்லு. ஓடு."

சாவி வைத்திருந்த மூன்று பேரும் வந்தார்கள். எதையும் இரண்டு தடவை பூட்டிப் பார்ப்பதால் 'பூட்டு' என்று பெயர் வாங்கிய கிடங்குக்காரர் வாசலோரம் நின்றார். வண்டியோட்டி இஸ்திரி போட்ட சீருடையில் நேராக நின்றார். அவருக்கு இங்கே 'ஒழுங்கு' என்று பெயர். பத்து வருடத்தில் ஒரு நாள்கூட விதி மீறி வண்டி ஓட்டாதவர்.

"நான் போலீஸ் இல்ல. யாரையும் மாட்டிவிட வரல," என்றார் சாம்பலம்மா. "ஒரே ஒரு கேள்வி. பச்சைச் சீட்டுன்னா என்ன அர்த்தம்?"

"சோதனையில தீப்பிடிக்கலைன்னு அர்த்தம்," என்றார் மேலாளர்.

"எனக்கு என்னம்மா தெரியும்? ஆனா அதைத் தொட்டா இவர் கத்துவார்," என்று சோதனைக்காரரைக் காட்டினார் பூட்டு. "ஒருதடவை நகர்த்தி வைச்சதுக்கே என் பரம்பரையை இழுத்தாரு. எரிஞ்சதைவிட இதுதான் மோசம்னாரு."

ஒழுங்கு கொஞ்சம் தாமதித்தார். "நல்ல பேட்டரின்னு அர்த்தம் மேடம். பாஸானது."

கொழுந்தனுக்குக் காலையில் தான் சொன்னது ஞாபகம் வந்து காது சூடானது.

"சோதனை ரூமுக்குள்ள வேலை பாத்தவங்க யாரும் அதை நல்லதுன்னு நினைக்க மாட்டாங்க," என்றார் சாம்பலம்மா மெதுவாக. "எடுத்தவருக்கு அது நல்லதாத் தெரிஞ்சிருக்கு. பதிலுக்கு அதே மாடல்ல செத்த பேட்டரி ஒண்ணு வைச்சிருக்கார். வைக்கிறப்பவும் மின்முனையில டேப் சுத்தி, நுனியை மடிச்சு விட்டிருக்கார். கொண்டுபோற பேட்டரி எதுவா இருந்தாலும் அப்படிச் செய்யணும்னு ஒரு கைக்குப் பழகியிருக்கு. உங்க வண்டியில இருக்கிற அத்தனைக்கும் அப்படித்தான் ஒட்டியிருக்கீங்க, தம்பி."

ஒழுங்கு ஒரு அடி முன்னால் வந்தார். "திருடணும்னு செய்யல மேடம். எங்க வீட்டு ஸ்கூட்டர் பேட்டரி செத்து நாலு மாசம். என் சம்சாரம் தினம் பொண்ணை நடத்தியே ஸ்கூலுக்குக் கூட்டிட்டுப் போறா. நல்லதைப் போய் மண்ணுல புதைக்கிறாங்களே, வீணாப் போகுதேன்னு... எண்ணும் எடையும் சரியா இருக்கணும்னுதான் பழசை வைச்சேன்."

"எப்ப எடுத்தீங்க?"

"நேத்து சாயங்காலம்."

"இப்ப எங்க இருக்கு?"

"பொண்ணை விட்டுட்டு வந்து, வேலையெல்லாம் முடிச்சுப் பத்தரைக்குச் சார்ஜ்ல போடுவா. வாசக்கதவு ஓரம். அங்கதான் ப்ளக் இருக்கு."

சோதனைக்காரர் அலறினார். "ஐயோ, போடக் கூடாதுய்யா! போடவே கூடாது!"

"வீட்டுக்கு வேற வழி இருக்கா?" என்றார் சாம்பலம்மா.

"இல்ல. ஒரே கதவு. உள்ள அவளும் கைக்குழந்தையும்... எங்கப்பா படுக்கையில. எழுந்து நடக்க மாட்டார்." சொல்லச் சொல்லத்தான் அவருக்கே புரிந்தது. போனை எடுத்து வீட்டு எண்ணை அழுத்தினார்.

போன் அடித்துக்கொண்டே இருந்தது. யாரும் எடுக்கவில்லை. கொழுந்தன் வண்டியை எடுத்தார். சோதனைக்காரர் கனத்த கையுறையும் ஒரு இரும்புத் தட்டும் தூக்கிவந்தார். சாம்பலம்மா தீயணைப்புக்குப் போன் போட்டு முகவரியைச் சொன்னார். ஒழுங்கு பின் இருக்கையில் மறுபடி மறுபடி எண்ணை அழுத்தினார். ஒவ்வொரு தடவையும் மணி முழுதாக அடித்து நின்றது. சிவப்பு விளக்கில் வண்டி நின்றபோது, வாழ்க்கையில் முதல் தடவையாக, "நிக்காதீங்க சார், போங்க," என்று கெஞ்சினார்.

குறுகிய தெரு. மூன்றாவது வீடு. கதவு சாத்தியிருந்தது. ஒழுங்கு தட்டுவதற்குள் அவர் மனைவி திறந்தாள். தோளில் குழந்தை.

"மெதுவா! இப்பதான் தூங்குது. அதுக்குத்தான் போனையே உள்ள போட்டு வைச்சேன்." கணவன் முகத்தைப் பார்த்ததும் குரல் இறங்கியது. "என்னங்க? சார்ஜ்தான் முடிஞ்சிடுச்சே. பச்சை விழுந்திடுச்சு, பாருங்க."

அவள் காலடியில், கதவோரம், அது இருந்தது. சார்ஜரில் பச்சை விளக்கு எரிந்தது. பேட்டரியின் பக்கங்கள் உப்பி, நாலு பசைத் தழும்புகளும் இழுபட்டிருந்தன. உள்ளேயிருந்து பால் பொங்குவதற்கு முன்னால் வருமே, அந்த மாதிரி ஒரு சத்தம்.

"அம்மா, குழந்தையோட வெளிய வா. நடந்து வா, ஓடாதே," என்றார் சாம்பலம்மா. ஒழுங்கு அப்பாவைத் தூக்க உள்ளே பாயப் போனார். சாம்பலம்மா அவர் சட்டையைக் கொத்தாகப் பிடித்தார். "வேண்டாம்! முதல்ல கதவை விட்டு அது போகணும். அப்புறம்தான் எல்லாம்."

சோதனைக்காரர் பேட்டரியிலிருந்து வயரைப் பிடுங்கினார். பேட்டரியைத் தட்டில் சாய்த்தார். வெள்ளைப் புகை ஒரு கோடாகக் கிளம்பியது. இருமிக்கொண்டே குனிந்து தட்டை இழுத்தார். கொழுந்தன் மறுபக்கம் தள்ளினார். வாசற்படி, ஓரம், நடுத்தெரு. "விடுங்க! ஓடுங்க!"

பத்து அடி ஓடியிருப்பார்கள். ஆள் உயரத்துக்கு நெருப்பு சீறி எழுந்தது. தெருவில் கதவுகள் திறந்தன, மூடின. எதையோ கிழிப்பது போன்ற சத்தத்தோடு அது நின்று எரிந்தது. தீயணைப்பு வண்டி வந்து சேரும்வரை யாரும் கிட்டே போகவில்லை.

ஒழுங்கு அப்பாவைத் தூக்கிக்கொண்டு வந்து எதிர்வீட்டுப் படியில் வைத்தார். பிறகு மேலாளருக்குப் போன் போட்டு நடந்ததை எல்லாம் ஒப்பித்தார். வேலை போய்விடும் என்று தெரிந்தேதான் பேசினார். வைத்துவிட்டு சாம்பலம்மாவிடம் வந்தார்.

"செத்த பேட்டரிக்கு ரெண்டு சுத்து டேப் ஒட்டினேன் மேடம். யாருக்கும் எதுவும் ஆகிடக் கூடாதுன்னு."

சோதனைக்காரர் எரிந்ததையே பார்த்துக்கொண்டிருந்தார். "சீட்டு எழுதிக் கட்டினது நான்தான். பச்சை நிறத்துல சீட்டு வாங்கி வைச்சதும் நான்தான். அர்த்தம் எங்களுக்குத் தெரிஞ்சா போதும்னு நினைச்சுட்டேன்."

கொழுந்தன் அண்ணியைக் கவனித்தார். அவர் எரிந்ததைப் பார்க்காமல் அந்த வீட்டின் ஒரே கதவையே பார்த்துக்கொண்டிருந்தார். இத்தனை வருடத்தில் அண்ணியை அப்படிப் பார்த்ததில்லை.

"பயந்துட்டீங்களா அண்ணி?"

"எரிஞ்ச வீட்டுல பயப்பட எதுவும் இருக்காதுடா. எல்லாம் முடிஞ்சிருக்கும்."

அந்தப் பெண் குழந்தைக்குத் துணி எடுக்க வாசல்வரை போய், உள்ளே கால் வைக்காமல் நின்றுவிட்டாள். சுவரோரம் சார்ஜரில் இன்னும் பச்சை விளக்கு எரிந்துகொண்டிருந்தது. ஒழுங்கு போனார். கையை நீட்டினார். கை ப்ளக்கைத் தொட மறுத்தது.

சாம்பலம்மா அவரைத் தாண்டிப் போய் சுவிட்சை அணைத்தார். "இப்பப் போம்மா," என்றார்.