மகள் வரும் வரைக்கும்

வீட்டுக்குள் ஏதோ முனகிக்கொண்டிருந்தது. பிரிட்ஜாக இருக்கும் என்று உமாராணி முதலில் நினைத்தாள். பழைய மோட்டார், வெயில் ஏறினால் அப்படித்தான் சத்தம் போடும். பிளக்கைப் பிடுங்கினாள். முனகல் நிற்கவில்லை. சிமெண்டுத் தரை வழியாக ஏறி வெறுங்காலின் விரல் நுனிகளில் மெல்ல அதிர்ந்தது. சமையலறையைவிட ஹாலில் கூடுதலாகக் கேட்டது. ஹாலைவிட, அவள் கணவர் ரவிச்சந்திரன் படுத்திருந்த அறையின் வாசலில் இன்னும் கூடுதலாக.

அவள் உள்ளே போகவில்லை. நிலையைப் பிடித்தபடி எட்டிப் பார்த்தாள். மருந்தும் வேர்வையும் டெட்டாலும் கலந்த வாடை. கட்டிலுக்கு மேலே ஓர் ஈ இருந்தது. பறந்துகொண்டிருந்தது என்று சொல்ல முடியாது. விரித்த இறக்கையோடு அந்தரத்தில் நின்றது.

அவருக்கு ஈரல் கெட்டுப்போயிருந்தது. இனிமேல் செய்வதற்கு ஒன்றுமில்லை என்று ஆஸ்பத்திரியில் கைவிரித்து, நேற்று மத்தியானம் லூனாஸ் ஊரிலுள்ள வீட்டுக்கே அனுப்பிவிட்டார்கள். தெற்குக் கோடியில் ஜொகூர் தொழிற்சாலையில் வேலை செய்யும் ஒரே மகள் ஜெயமலருக்கு உமாராணி போன் போட்டாள்.

"லீவு கிடைக்கல லா ம்மா. சனிக்கிழமை வர்றேன்."

"சனிக்கிழமை வந்தா பொணத்தைத்தான் பாப்பே," என்று சொல்லி போனை வைத்தாள்.

விடிந்ததும் குழந்தைவேலுவுக்கு ஆள் அனுப்பினாள்.

அவர் மணிக்காரர் சங்கத்து ஆள். ரப்பர்த் தோட்டத்தில் பிறந்தவர்களுக்கு அந்தச் சங்கத்தைத் தெரியும்; சத்தமாகப் பேசமாட்டார்கள். காலைப் பெரட்டுக்கு, அந்த ஆள் கணக்கெடுப்புக்கு, மணி அடித்து ஆட்களைத் திரட்டியவர்கள். மணி மட்டும் அடிக்கவில்லை. துரைமாருக்காக இரவைச் சுருக்கினார்கள், பகலை இழுத்து நீட்டினார்கள். பால்மரக் காட்டில் காலைப்பொழுது முடியவே முடியாது. அலுத்துப்போய்ப் படுத்தால் கண்ணை மூடுவதற்குள் விடிந்துவிடும். சனங்களிடமிருந்து உருவிய அந்த நேரமெல்லாம் எங்கே போனதென்று குழந்தைவேலுவைப் பார்த்தால் புரியும். வெள்ளைக்காரன் காலத்திலேயே மணி அடித்தவர். தலையில் ஒரு நரை கிடையாது.

"மக வர்ற வரைக்கும் இவர் இருந்தா போதும் அண்ணே."

"இருக்க வைக்கலாம்மா. ஆனா நேரம் சும்மா வராது. யார்கிட்டேருந்தாவது எடுக்கணும். ரத்த சொந்தமா இருக்கணும், அப்பதான் ஒட்டும்."

உமாராணி யோசிக்கவே இல்லை. இரவெல்லாம் நெஞ்சில் கிடந்து புளித்தது அப்படியே வாய்க்கு வந்தது. "அவகிட்டயே எடுங்க. சின்ன வயசு, நெறையக் கெடக்கு. பெத்த அப்பனுக்கு ஒரு நாள் குடுக்க மாட்டேங்கிறால்ல? எடுங்க."

கட்டிலில் கிடந்த ரவிச்சந்திரன் கண்ணைத் திறந்து அவளைப் பார்த்தார். ஏதோ சொல்ல வந்தவர்போல் மேல்பல் கீழுதட்டில் பட்டது. அதற்குள் குழந்தைவேலு அவர் நெற்றியில் கட்டைவிரலை வைத்து அழுத்தினார். அவ்வளவுதான். பிறகு வாசலுக்குப் போய் பிளாஸ்டிக் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டார்.

கொஞ்ச நேரத்தில் போனில் ஜெயமலரின் குரல் வந்து விழுந்தது. "ம்மா, சூப்பர்வைசர்கிட்ட சண்டை போட்டுட்டு பஸ் ஏறிட்டேன். சாயங்காலம் வந்துருவேன். அப்பாகிட்ட சொல்லும்மா."

நேற்றே வருகிறேன் என்று சொல்லித் தொலைத்திருக்கலாமே என்று முதலில் கோபம்தான் வந்தது. அப்புறம் தன்னையே தேற்றிக்கொண்டாள். ஒரு நாள்தானே. இருபத்து மூன்று வயதுக்காரிக்கு ஒரு நாளில் என்ன குறைந்துவிடும்.

அதெல்லாம் காலையில். இப்போது, மத்தியான வெயிலில், அறை வாசலில் நின்றவளின் கையில் போன் மறுபடி அதிர்ந்தது.

"ம்மா... தாப்பா தாண்டிட்டோம், பாதி வழிக்கு மேல வந்தாச்சு. ஒடம்பு அசதியா இருக்கு லா. பஸ் படியில எறங்க முடியல, முட்டி வலிக்குது."

குரல் கரகரத்தது. லைன் சரியில்லை போல. அப்படித்தான் இருக்கும். பேச்சு பாதியில் அறுந்தது. உடனே திருப்பி அழைத்தாள். நெடுநேரம் அடித்தபின் யாரோ எடுத்தார்கள். மூச்சிரைப்பு. பல் இல்லாத வாயின் வழவழப்பு.

"ம்மா, என் கை ஏம்மா இப்படி இருக்கு? பக்கத்து சீட்டுப் பொண்ணு என்னைப் பாட்டின்னு கூப்பிடுதும்மா."

உமாராணி வாசலுக்கு ஓடினாள். "நிறுத்துங்க அண்ணே! போதும், நிறுத்துங்க!"

"மக வர்ற வரைக்கும்னு நீதானம்மா கேட்டே."

"ஒரு நாள்தான கேட்டேன்!"

"ஒரு நாள் வாழறதுக்கு ஒரு நாள் போதும். சாவைப் புடிச்சு நிறுத்தறதுக்கு அது பத்துமா?" அவர் சாவகாசமாக மீசையைத் தடவினார். காலையில் பார்த்ததைவிட அது கறுத்திருந்தது. கன்னம் பளபளத்தது.

கணவர் உயிரோடு இருக்கிற வரைக்கும்தானே மகளிடமிருந்து எடுப்பார்கள்.

அவள் அறைக்குள் போனாள். தலையணையைக் கையில் எடுத்தாள். முப்பது வருடம் பக்கத்தில் படுத்தவர். "மன்னிச்சிருங்க," என்றாள். குனிந்தாள். கட்டிலை நெருங்க நெருங்கக் காற்று கெட்டியானது, சேற்றுக்குள் கையை விடுவதுபோல. அப்போதுதான் அவர் முகத்தைக் கிட்டத்தில் பார்த்தாள். காலையில் பல் பட்டிருந்த உதடு இப்போது விரிந்து, வாய் அகலத் திறந்திருந்தது. முனகல் அங்கிருந்துதான் வந்தது. அவர் பேசிக்கொண்டிருந்தார். விடியலில் தொடங்கிய ஒரே ஒரு சொல்லை இன்னும் சொல்லி முடிக்கவில்லை.

அழுத்தத் தலையணையை நீட்டினாள். அது போய்ச் சேரவில்லை. ஒரு மூச்சு விடும் நேரம்தான். கையை வெளியே இழுத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

ஜன்னல் மஞ்சளாகியிருந்தது.

சாயங்காலம்.

அவர் உதடுகள் மெல்லக் கூடிக்கொண்டிருந்தன. திறந்த வாயின் ஓசை தேய்ந்து, மூடிய வாயின் ஓசையாக மாறியது. பல் பட்ட உதடு. அகன்ற வாய். மூடும் வாய்.

வே. ணா. ம்.

வெளியே வாடகைக் காரின் கதவு சாத்தும் சத்தம். கேட் கிறீச்சிட்டது.

முனகல் நின்றது. ஈ பறந்து ஜன்னலில் மோதியது. ரவிச்சந்திரனின் தலை ஒருபக்கமாகச் சாய்ந்தது.

உமாராணி திரும்பிப் பார்க்கவில்லை. வாசலுக்கு வந்தாள். நாற்காலி காலியாக இருந்தது.

கேட் கம்பியைப் பிடித்துக்கொண்டு கூனிய உருவம் ஒன்று நின்றது. தொழிற்சாலைச் சட்டை எலும்பின்மேல் தொங்கியது. வெள்ளை முடியில் ரோஸ் நிறக் கிளிப். கழுத்து அட்டைப் படத்தில் ஜெயமலர் சிரித்துக்கொண்டிருந்தாள்.

உருவம் தலையைத் தூக்கியது. பால் படர்ந்த கண்கள் அவளைத் தேடின.

"ம்மா," என்றது. "அப்பா இருக்காராம்மா?"

படியேற முடியாமல், பிடித்துக்கொள்ளச் சொல்லி, நடுங்கும் கையை அவளை நோக்கி நீட்டியது.