மூடி திறந்த குவளை

மியூனிக்கின் அந்தப் பழைய பீர் மண்டபத்தில் வால்புர்கா வேலைக்குச் சேர்ந்த முதல் நாள். காலையிலேயே கூட்டம் நிரம்பிவிட்டது. வெந்த சாசேஜின் ஆவியும் முள்ளங்கியின் காரமும் ஈரக் கம்பளிக் கோட்டுகளின் நாற்றமும் வளைந்த கூரைக்கடியில் தேங்கி நின்றன.

மூத்த பரிசாரகி ரோசாலியா வேலையைச் சொல்லிக்கொடுத்தாள்.

"குவளையோட மூடி திறந்திருந்தா ஊத்து. யாரு என்னன்னு கேக்காத."

"காசில்லாதவன் திறந்து வெச்சா?"

"அவனைத் தூக்கி வெளியே வீச ஆளு இருக்கு. நீ ஊத்து."

அடுப்பருகே இருந்த மேஜையில் ஒரு நாற்காலி மட்டும் காலி. அதன் முன்னால் ஒரு கல்குவளை திறந்திருந்தது. வால்புர்கா ஊற்றி, ஈய மூடியைச் சாத்தினாள். ஒரு சுற்று போய்த் திரும்பினாள்.

மூடி திறந்திருந்தது. உள்ளே சொட்டுப் பீர் இல்லை. மறுபடி ஊற்றிச் சாத்தினாள்.

"அது என் புருஷன் காஸ்பரோடது," என்றாள் ரோசாலியா, தட்டிலிருந்து கண்ணெடுக்காமல்.

இரண்டு வருஷங்களுக்கு முன் இதே மண்டபத்தில் கட்சிக்காரர்கள் மோதிக்கொண்டார்கள். காலிக் குவளைகளை மேஜைக்கடியில் கல் சேர்ப்பதுபோல் சேர்த்து வைத்து வீசினார்கள். ஒன்று காஸ்பரின் மண்டையைப் பிளந்தது. வீசியவன் யாரென்று அந்த அமளியில் எவரும் பார்க்கவில்லை.

அப்போது வால்புர்காவின் கணவன் அலோய்ஸ் மூச்சிரைக்க வந்தான்.

"கோட்டை எடு. வீட்டுக்குப் போலாம்."

"வேலை கிடைச்சதே பெரிசு. உனக்கு என்னய்யா வந்துச்சு?"

"இங்க மட்டும் வேணாம்னு சொன்னேன்ல!"

"டேய் அலோய்ஸ்!" மேஜைக்காரர்கள் கூச்சலிட்டார்கள். "பொண்டாட்டி வந்தாதான் நீயும் வருவியா? உக்காருடா!" ஒருவன் சிரித்துக்கொண்டே அவனைக் காலி நாற்காலியில் தள்ளினான்.

வால்புர்கா சற்று முன் சாத்திய மூடி திறந்தது.

யாரும் தொடவில்லை.

"ஊத்தாத, வால்லி," அலோய்ஸ் கிசுகிசுத்தான். "நான் அவனைக் குறி வெக்கல. தூணைத்தான் குறி வெச்சேன்."

அவளுக்குப் புரிந்துவிட்டது. ஆனால் அவன் அவளுடைய கணவன். காலரைப் பிடித்து இழுத்தாள். அவன் நாற்காலியோடு ஆணியடித்ததுபோல் அசையவில்லை.

குவளை எழுந்தது.

முதல் அடியில் பற்கள் தெறித்தன. இரண்டாவதில் நெற்றி உள்வாங்கியது. மூன்றாவதற்கு அவள் கையைக் குறுக்கே வைத்தாள். அவளுடைய இரண்டு விரல்கள் முறிந்தன. குவளை நிற்கவில்லை. அவன் முகத்திலேயே சில்லுசில்லாக நொறுங்கிய பிறகுதான் ஓய்ந்தது.

வால்புர்கா அவன் மார்பில் காதை வைத்தாள்.

ஒன்றும் கேட்கவில்லை.

பிறகு ஒரு துடிப்பு. இன்னொன்று.

"உசுரு இருக்கு!" அவள் அலறினாள். "அலோய்ஸ், என்னைப் பாருய்யா!"

அவன் கண் திறந்தான். அவளை மெல்ல ஒதுக்கிவிட்டு ரோசாலியாவைப் பார்த்தான்.

"சிட்டு, ஏன் இப்படி எளைச்சுட்ட?"

ரோசாலியாவின் தட்டு விழுந்தது. அந்தப் பெயரால் அவளைக் காஸ்பர் மட்டுமே அழைத்திருக்கிறான், அதுவும் கதவு சாத்திய வீட்டுக்குள்.

உடைந்த முகத்திலிருந்து ரத்தம் சொட்ட அவன் எழுந்தான். ரோசாலியா ஏப்ரனை அவிழ்த்துப் போட்டுவிட்டு அவன் கையைப் பற்றிக்கொண்டாள். யாரும் வழி மறிக்கவில்லை. வால்புர்காவைக் கடக்கையில் அவன் நின்றான். அவளுடைய முறிந்த விரல்களை, முன்பின் அறியாதவளைப் பார்ப்பதுபோல், இரக்கத்தோடு பார்த்தான்.

"புதுப் பொண்ணா? இங்க சண்டை வந்தா உடனே மேஜைக்கடியில போயிரும்மா. அன்னைக்கு நான் போகாம இருந்துட்டேன்."