சுவருக்குப் பின்னால் ஓர் இடைவெளி

வால் மெஷினை நிறுத்தினாள். காலரைத் திருப்பிப் பார்ப்பதுபோல் தலையைக் குனிந்துகொண்டு, மிதியிலிருந்து காலை எடுத்து, தைரியம் தாங்கும் வரை நிறுத்தியே வைத்திருந்தாள். நீண்ட இடைவெளி. எனக்கு உதவி வேண்டும்.

அந்தத் தையல் கூடத்தில் வாய் திறந்தால் வேலை போய்விடும். அதனால் பெண்கள் மெஷின்களை நிறுத்திப் பேசினார்கள். அத்தனை மெஷின்களும் ஒன்றாக உறுமும்போது ஒன்று மட்டும் நின்றால், பழகிய காதுக்கு அது விழுந்த பல்லின் இடம்போலத் தெரியும். சின்ன நிறுத்தம் என்றால் சூப்பர்வைசர் வருகிறார். நீளமானது என்றால் உதவி. சின்னது இரண்டு, நீளம் ஒன்று என்றால், 'நான் இருக்கேன்'. துணியைத் திருப்ப எல்லோரும்தான் நிறுத்துகிறார்கள், யார் கண்டுபிடிப்பது?

இதை உண்டாக்கியவள் வாலின் அக்கா. அக்கா பின்னாலேயே வேலைக்கு வந்து ஒட்டிக்கொண்டதால்தான் இவளுக்கு வால் என்று பெயர். எந்நேரமும் உதட்டில் விரல் வைக்கும் சூப்பர்வைசருக்கு 'உஷ் சார்' என்று பெயர் வைத்தவளும் அக்காதான்.

நேற்று, கழிவறைக்குப் போகக்கூட விடமாட்டீங்களா என்று அக்கா அந்த உஷ் சாரிடம் சண்டை போட்டாள். வேலை முடிந்ததும், "நீ போ, நான் பேசி முடிச்சிட்டு வந்துடுறேன்" என்றாள். வரவில்லை.

வாலின் நிறுத்தத்துக்குப் பதில்கள் வந்தன. பக்கத்தில் பட்டன் தைக்கும் பட்டன் அக்காவின் மெஷின் தயங்கி, தயங்கி, நீளமாக நின்றது. அப்புறம் ஜன்னலோரம். அப்புறம் கடைசி வரிசை. நான் இருக்கேன். நான் இருக்கேன்.

அப்புறம் இன்னொன்று.

கடைசி வரிசைக்குப் பின்னால் சுவர்தான். சுவருக்குப் பின்னால், பழுதான மெஷின்களைப் போட்டுப் பூட்டி வைத்த அறை. எண்ணெயும் பஞ்சுத் தூசியும் கறை நீக்கும் மருந்தின் காட்டமும் மூக்கை அடைக்க, அவற்றுக்கு அடியில் லேசாக இனித்த வேறு ஏதோ ஒரு வாடையைத் தள்ளிவிட்டு, வால் காதைத் தீட்டிக்கொண்டாள். இவ்வளவு நேரமும் அந்தப் பெரும் இரைச்சலுக்குள் ஒளிந்து, ஒரு மெஷின் அங்கே ஓடிக்கொண்டிருந்திருக்கிறது. சின்னது. சின்னது. நீளம். நீளம் முடிந்ததும் மெஷின் ஒரு முறை உதறி எழுந்தது. அந்த உதறல் அக்காவின் காலுடையது.

உயிரோடு இருக்கிறாள்.

"துணி என்ன, தானா தைச்சுக்குமா?" உஷ் சார் தலைக்கு மேல் நின்றார்.

"எங்கக்கா எங்க சார்?"

"வேலைய விட்டுட்டுப் போயிட்டா. சொல்லாம கொள்ளாம ஓடுறவங்கள நான் எங்கேன்னு தேடுறது?"

"செருப்பு வாசல்லயே கிடக்கு. வெறுங்காலோடவா ஓடினா?"

"உஷ். வேலையப் பாரு."

"பாக்க மாட்டேன் சார்."

காலை மிதியில் வைக்கவில்லை. பட்டன் அக்கா இவளைப் பார்த்தாள். பிறகு தன் காலையும் எடுத்துவிட்டு, இடுப்பில் கை வைத்து நிமிர்ந்தாள். அவளுக்கு அடுத்தவள். அதற்கடுத்தவள். வரிசை வரிசையாகக் கூடம் அடங்கியது. இப்படி ஒரு நிறுத்தத்துக்கு அவர்கள் அர்த்தமே வைத்திருக்கவில்லை. இருந்தும் எல்லோருக்கும் புரிந்தது.

சுவருக்குப் பின்னால் மட்டும் ஓடியது.

உஷ் சாரின் முகம் வெளுத்தது. ஓடிப்போய் மெயின் சுவிட்சை இழுத்துவிட்டார். விளக்குகள் செத்தன. விசிறிகள் சுற்றி ஓய்ந்தன. மழை மூட்டத்தின் சாம்பல் வெளிச்சம் ஜன்னலில் நின்றது.

சுவருக்குப் பின்னால் அந்த மெஷின் ஓடியது. நின்றது. ஓடியது.

"இல்ல," என்றார் அவர். "நேத்தே..."

"நேத்தே என்ன சார்?" என்றாள் பட்டன் அக்கா, மெதுவாக.

அவர் பின்வாங்கினார். அவர் கழுத்துக் கயிற்றில் சாவிக்கொத்து ஆடியது. வால் கத்திரிக்கோலை எடுத்துக்கொண்டு நேராக அவரிடம் போனாள். கயிற்றை வெட்டினாள். தடுக்க நினைத்தவரைச் சுற்றிப் பெண்கள் நெருங்கி நின்றார்கள்.

அறைப் பூட்டு திறந்தது. இனித்த வாடை முகத்தில் அறைந்தது.

ஜன்னல் இல்லை. இருட்டு. கண் பழக நேரம் பிடித்தது.

அக்கா உட்கார்ந்திருந்தாள். கழுத்தில் அளவு நாடா இறுகிச் சதைக்குள் புதைந்திருந்தது. திறந்த கண்ணின் மேல் எறும்பு. மெஷினின் ஒயர் தரையில் சுருண்டு கிடந்தது. எதிலும் செருகவில்லை.

கால் மட்டும் ஏறி இறங்கியது.

வால் அலறவில்லை. அலறினால் உஷ் சார் ஜெயித்துவிடுவார் என்று தோன்றியது. அப்போதுதான் அக்காவுக்குப் பின்னால் பார்த்தாள். இன்னொரு மெஷின். இன்னொன்று. சுவர் வரைக்கும். ஒவ்வொன்றின் முன்னாலும் கூடத்து நீலச் சீருடை. சிலவற்றின் கீழே கறுத்த பாதம். சிலவற்றின் கீழே வெறும் எலும்பு.

இதற்கு முன்பு சொல்லாமல் கொள்ளாமல் ஓடிவிட்டதாக அவர் சொன்னவர்கள். யாரும் எங்கும் போயிருக்கவில்லை.

வால் கதவை அகலத் திறந்து பிடித்துக்கொண்டாள்.

"உள்ள வாங்க சார். எல்லாரும் வேலைக்கு வந்திருக்காங்க."

பெண்கள் வழிவிட்டார்கள். அவர் முதுகுக்குப் பின்னால் கூடி நின்றார்கள்; திரும்பிப் போக வழியில்லை.

இருட்டுக்குள் எல்லாக் கால்களும் ஒரே நேரத்தில் நின்றன. பிறகு, எறும்புகள் உதிர உதிர, எல்லாத் தலைகளும் அவர் பக்கம் திரும்பின.