கூடை இல்லாத ஞாயிறு

வினோதாவின் அம்மாவுக்கு இடது தோள் வலித்தது. டயகம தேயிலைத் தோட்டத்தில் கொழுந்து பறிக்கும் யாருக்குத்தான் தோள் வலிக்காது? தலையில் மாட்டிய கயிற்றில் கூடை தொங்க, நாள் முழுக்க மலை ஏறி இறங்கினால் வலிக்காமல் என்ன செய்யும்!

"எல்லாம் கூடைப் பாரந்தான் ஜீவராணி," என்று பக்கத்து வீட்டு மீனம்மா அத்தை தைலம் தேய்த்துவிட்டார். அத்தையிடம் எல்லாவற்றுக்கும் அந்த ஒரே தைலம்தான். பல்வலிக்கும் அதுதான், எறும்புக்கடிக்கும் அதுதான். போன தவணைப் பரீட்சையில் வினோதா கணக்கில் குறைந்த புள்ளி எடுத்தபோதுகூட நெற்றியில் தடவிவிட்டார்.

ஞாயிற்றுக்கிழமை அம்மாவும் வினோதாவும் மலை மேலிருக்கும் மாரியம்மன் கோயிலுக்குப் புறப்பட்டார்கள். தேங்காய்த் தட்டு வினோதாவின் கையில் இருந்தது. அம்மா வெறுங்கையை வீசிக்கொண்டு வந்தார்.

பாதிப் படியில் அம்மா நின்றுவிட்டார். அந்தக் குளிரிலும் முகம் வியர்த்திருந்தது. வலது கையால் இடது தோளைப் பிடித்துக்கொண்டார்.

"என்னம்மா?"

"ஒண்ணுமில்ல புள்ள. கூடை இழுக்குது."

வினோதாவுக்குச் சிரிப்பு வந்தது. "கூடை வீட்டுலதானே இருக்கு?" என்றாள்.

சொல்லி முடித்ததும் சிரிப்பு போய்விட்டது. கூடைதான் இல்லையே, அப்புறம் எது இழுக்கிறது? வினோதாவுக்குப் பயமாக இருந்தது.

கொஞ்ச நேரத்தில் அம்மாவின் முகம் தெளிந்தது. "சரியாப் போச்சு. வா, ஏறுவோம்."

வினோதா அசையவில்லை. தட்டை மடியில் வைத்துக்கொண்டு படியிலேயே உட்கார்ந்துவிட்டாள்.

"ஏறினா வலிக்குது, நின்னா போயிருது. இது கூடை வலி இல்லம்மா. ஆஸ்பத்திரிக்குப் போவோம்."

"சாமிக்குத் தேங்காய கொண்டுவந்துட்டு பாதியில திரும்புறதா?"

"சாமி எங்கயும் போகாதும்மா. பெறகு வந்து கும்பிடுவோம்."

அம்மா கோயில் இருந்த பக்கம் பார்த்துக் கையெடுத்துக் கும்பிட்டார். இருவரும் மெல்ல இறங்கி ஆட்டோ பிடித்தார்கள்.

"தோள் வலிங்க டொக்டர். கூடைப் பாரம்," என்று ஆஸ்பத்திரியில் அம்மா தொடங்கினார்.

"இல்லிங்க டொக்டர்," என்று வினோதா குறுக்கிட்டாள். "இன்னிக்கு அம்மா கூடையே தூக்கல. ஏறினா வலிக்குது, வேர்க்குது. நின்னா போயிருது."

டொக்டர் பேனாவைக் கீழே வைத்தார். உடனே அம்மாவைப் படுக்க வைத்து, நெஞ்சில் வயர்களை ஒட்டிப் பார்த்தார்கள். அப்படியே அம்புலன்ஸில் நுவரெலியாவுக்கு அனுப்பினார்கள்.

அங்கேதான் ஒரு திரையில் வினோதா அம்மாவின் இதயத்தைப் பார்த்தாள்.

சாம்பல் நிறத்தில் அது திறந்தது, மூடியது, திறந்தது. உள்ளே சின்னக் கதவுகள் படபடத்தன. யாரும் தள்ளவில்லை, யாரும் இழுக்கவில்லை. வினோதா வாயைப் பிளந்தபடி நின்றாள்.

"எப்பங்க டொக்டர் இது ஓய்வெடுக்கும்?"

"நம்மள மாதிரி லீவு எடுக்காது," என்று அங்கிருந்த டொக்டர் சிரித்தார். "ஒரு நாளைக்கு இலட்சம் தடவை துடிக்கும். ஒடம்பு முழுக்க இரத்தத்த அனுப்பும். ஆனா அதுக்கும் இரத்தம் வேணுமில்லையா? அதுக்குன்னு மெல்லிசா சில குழாய் இருக்கு. ஒங்க அம்மாவுக்கு அதுல ஒண்ணுல கொழுப்புப் படிஞ்சு ஒடுங்கிப் போச்சு. மலை ஏறும்போது இதயம் கூடுதலா இரத்தம் கேக்குது, கிடைக்கல. அதான் வலி."

"இதயத்துக்கு வலிச்சா தோள் ஏன் வலிக்குது?"

"சில பேருக்கு அந்த வலி தோள்ல தெரியும், சில பேருக்குத் தாடையில தெரியும். அதனாலதான் நெறைய பேர் ஏமாந்து போறாங்க. நீ ஏமாறல!"

வினோதா மறுபடியும் திரையைப் பார்த்தாள். அவள் பிறப்பதற்கு முன்பே துடித்துக்கொண்டிருந்த இதயம் அது. இத்தனை மலையும் ஏறி இறங்கியிருக்கிறது. ஒருநாள்கூட அவள் அதை நினைத்ததில்லை. அவளுக்குக் கண் கலங்கியது.

பிறகு கண்டி ஆஸ்பத்திரியில் அந்தக் குழாய்க்குள் ஒரு குட்டிக் கம்பிவலையை வைத்து வழியை விரித்துவிட்டார்கள். மூன்று மாதம் கழித்து, "மெதுவாக ஏறலாம்" என்று டொக்டர் சொன்னார். மீனம்மா அத்தை மட்டும் தைலப் போத்தலையும் எடுத்துப் போகச் சொன்னார்.

தேங்காய்த் தட்டோடு கோயிலுக்கு ஏறும்போது, அதே பாதிப் படியில் அம்மா நின்றார். வியர்வை இல்லை, வலியும் இல்லை. ஆனாலும் வினோதா விடவில்லை. அம்மாவின் நெஞ்சில் காதை வைத்துக் கேட்டாள்.

"என்னடி சொல்லுது?"

"தேங்காய ஒடைக்க இன்னும் எத்தன மாசம் ஆகும்னு கேக்குதும்மா!"

அம்மா சிரித்துக்கொண்டே அடுத்த படியில் கால் வைத்தார்.