உள்ளே வந்த காலடிகள்

மில்டிரெட் கண் விழித்தபோது கணப்பில் நெருப்பு எரிந்துகொண்டிருந்தது.

முதலில் அதில் தப்பாக எதுவும் படவில்லை. ஐம்பத்திரண்டு வருடங்களாக, குளிர்காலத்தில் அவள் கண் விழித்த ஒவ்வொரு காலையிலும் அந்தக் கணப்பு எரிந்துகொண்டுதான் இருந்திருக்கிறது. யார் வந்து விறகடுக்கினார்கள், எப்படிச் சத்தமில்லாமல் திரும்பிப் போனார்கள் என்றெல்லாம் அவள் யோசித்ததே கிடையாது. விறகு வெடிக்கும் சத்தத்தைக் கேட்டபடி போர்வையை மூக்குவரை இழுத்துக்கொண்டு, இன்னும் கொஞ்ச நேரம் படுத்திருக்கலாம் என்று நினைத்தாள். அப்புறம்தான் நினைவு வந்தது. வீட்டில் யாரும் இல்லை. போன வெள்ளிக்கிழமையே முப்பத்தொரு அடிமைகளையும் விற்றாயிற்று.

நேற்று இரவு அவள்தான் கணப்பை மூட்டப் பார்த்தாள். அரை மணி நேரம் புகையோடு மல்லுக்கட்டிவிட்டு, கண்ணெரிச்சல் தாங்காமல், கோட்டைக்கூடக் கழற்றாமல் படுத்துவிட்டாள். அடியில் கிடந்த தணல் ஏதாவது தானாகப் பற்றியிருக்கும் என்று சொல்லிக்கொண்டாள். ஆனால் விறகு குறுக்கும் நெடுக்குமாக, ஒன்றன்மேல் ஒன்று ஒழுங்காக அடுக்கியிருந்தது. சாம்பல் வழித்துச் சுத்தமாக இருந்தது. அறையில் சாம்பல்காரச் சோப்பும், நெருப்பருகே உலர்த்திய கம்பளியும் கலந்த ஒரு வாடை இருந்தது. பேச்சு வருவதற்கு முன்பே அவளுக்குப் பழகிய வாடை அது.

ஜன்னலுக்குப் போனாள். இரண்டு நாளாகப் பெய்த பனி நின்று, முற்றம் வெள்ளையாகக் கிடந்தது. சமையற்கட்டுக்கு அப்பால், தேவதாரு மரங்களுக்குக் கீழே, அடிமைகளைப் புதைத்துப் பெயர் வெட்டாத கற்கள் நட்ட இடத்திலிருந்து ஒரே ஒரு வரிசைக் காலடிகள் புறப்பட்டு நேராக வந்து பின்வாசலில் முடிந்திருந்தன. செருப்பில்லாத கால். ஐந்து விரலும் தெளிவாகப் பதிந்திருந்தன.

திரும்பிப் போன தடம் இல்லை.

கணப்புக் கம்பியை எடுத்துக்கொண்டு கீழே இறங்கினாள். பின்வாசல் தாழ்ப்பாள் உள்ளிருந்து போட்டபடியே இருந்தது. எல்லா அறையையும் திறந்து பார்த்தாள், கட்டில்களுக்குக் கீழே குனிந்து பார்த்தாள், ஒருவரும் இல்லை. வாய்விட்டு யாரையாவது கூப்பிடலாம் என்றால், எந்தப் பெயரைச் சொல்லிக் கூப்பிடுவது? அவளுக்குத் தெரிந்த பெயர்களையெல்லாம் அவளே பட்டியலில் எழுதி ஏலக்காரனிடம் கொடுத்திருந்தாள்.

அவள் அப்பா தியோடரிக் வென்லாக் பெரிய மனிதர். புதுத் தேசத்தின் சட்டங்களுக்கு அடியில் அவருடைய கையெழுத்து இருந்தது. மனிதன் பிறப்பிலேயே சுதந்திரமானவன் என்று அவர் எழுதியதை வர்ஜீனியாப் பள்ளிக்கூடப் பிள்ளைகள் மனப்பாடமாக ஒப்பித்தார்கள். எழுதும்போது அவர் மேசையில் விளக்கைப் பிடித்துக்கொண்டு நின்றது யார் என்று எந்தப் பிள்ளையும் கேட்டதில்லை. போன நவம்பரில் அவர் செத்துப்போனார். லண்டன் புகையிலை வியாபாரிகளுக்கு அவர் வைத்துவிட்டுப் போன கடன் மட்டும் சாகவில்லை. ஆட்களை விற்ற பணத்தால்தான் வீடு தப்பியது. இனி அவருடைய கடிதங்களைப் பிலடெல்பியா அச்சகத்துக்குக் கொடுத்து, அந்தப் பணத்தில் மீதிக் காலத்தைத் தள்ள வேண்டும் என்பது மில்டிரெட்டின் கணக்கு.

கடிதங்களைத் தரம் பிரிக்கப் படிப்பறையில் உட்கார்ந்தாள். அங்கேயும் கணப்பு எரிந்துகொண்டிருந்தது. தலைக்கு மேலே, மாடி நடையில், யாரோ துணியால் தரையைத் துடைப்பதுபோலச் சரசரவென்று ஒரு சத்தம் மெதுவாக இந்தக் கோடிக்கும் அந்தக் கோடிக்கும் போய்வந்தது. எலி என்று வைத்துக்கொண்டாள்.

நடுப்பகலில் குதிரைக் குளம்போசை கேட்டபோது அவளுக்கு உயிர் வந்தது. தபால்காரன் பீசன். வாய் ஓயாத ஆள். மற்ற நாட்களில் அவனைக் கண்டாலே அவளுக்கு எரிச்சலாக இருக்கும்.

"மிஸ் மில்டிரெட்! உசுரோட இருக்கீங்களா, இல்ல உறைஞ்சு கட்டியாயிட்டீங்களா?" என்று வாசலிலிருந்தே கத்தினான். "தனியாக் கெடக்கீங்கன்னு ஊரே பேசிக்குது. பரவால்லியே, ஆள் வெச்சுட்டீங்க போல. சமையக்கட்டுல பொகை போகுதே."

"நான் யாரையும் வெக்கலையே."

பீசன் கண்ணைச் சுருக்கிக்கொண்டு அந்தப் பக்கம் பார்த்தான். "அப்ப என் கண்ணுதான் அவிஞ்சு போச்சு. பனி வெளிச்சம், வேறென்ன." கடிதத்தைக் கொடுத்துவிட்டும் அவன் நகரவில்லை. தொப்பியைக் கழற்றிக் கையில் வைத்துக்கொண்டான். "இன்னொரு சேதியும் இருக்கு. சொல்லலாமா வேணாமான்னு வழியெல்லாம் ரோசனை. காலைல ரிச்மண்ட்ல, உங்க ஆளுங்கள வாங்கின வியாபாரியோட கொட்டடியத் தாண்டி வந்தேன். கம்பிக்குப் பின்னாலருந்து உங்க கெசையா கூப்பிட்டா."

மில்டிரெட் கையிலிருந்த கடிதத்தின் முத்திரையை நகத்தால் சுரண்டினாள்.

"'சின்னம்மாகிட்ட சொல்லுங்க, ஐயா எழுதின கடுதாசிக்கு நகல் இருக்கு, அச்சை நான்தான் திருகினேன், நல்லாத் தேடிப் பாக்கச் சொல்லுங்க'ன்னா. புள்ளைங்க ரெண்டும் அவ பாவாடையப் புடிச்சுட்டு நிக்குதுங்க, பாவம்."

"அவளுக்கென்ன, எதையாவது ஒளறுவா."

"ஒளறலாவே இருக்கட்டும். பனியால அவங்கள ஏத்திட்டுப் போற கப்பல் இன்னும் கெளம்பல. நாளைக்குக் கெளம்பிரும். ஜார்ஜியா போயிட்டாங்கன்னா அப்புறம் ஆண்டவன் வந்து தேடினாலும் கெடைக்க மாட்டாங்க. கடுதாசி கெடைச்சாக் குடுங்க, இன்னிக்கே வக்கீல் கையில சேத்துடறேன். குதிரைக்குத் தண்ணி காட்டிட்டு வந்துடறேம்மா."

படிப்பறைக் கதவைச் சாத்திக்கொண்டு மில்டிரெட் நின்றாள். கெசையா உளறவில்லை. செப்டம்பரில், படுக்கையிலிருந்தபடி, கெசையாவையும் அவள் பிள்ளைகள் இருவரையும் தன் மரணத்தோடு விடுவிப்பதாக அப்பா எழுதினார். அந்தக் கடிதத்தை அவரை அடக்கம் செய்த அன்று சாயங்காலமே மில்டிரெட் எரித்துவிட்டாள். "ஐயா எழுதினாரே சின்னம்மா" என்று கெசையா வந்து கேட்டபோது, "அப்பிடி ஒண்ணும் இல்லையே" என்று முகத்தைப் பார்த்தே சொன்னாள்.

நகல் ஒன்று இருக்கும் என்பது அவளுக்குத் தோன்றவே இல்லை. எப்படித் தோன்றும்? அப்பா எழுதி முடித்ததும் மெல்லிய தாளை நனைத்து, மை காயும் முன் கடிதத்தின்மேல் பரப்பி, இரும்பு அச்சில் வைத்துத் திருகி நகல் எடுப்பது கெசையாவின் வேலை. அந்த ஆட்கள் கையால் நடந்த எந்த வேலையைத்தான் மில்டிரெட் கவனித்திருக்கிறாள், இதைக் கவனிக்க?

நகல் புத்தகத்தின் கடைசிப் பக்கங்களில் அது இருந்தது. எழுத்து இடம் வலம் மாறிப் பதிந்திருக்கும். தாளைப் பின்பக்கமாகத் திருப்பி வெளிச்சத்தில் பிடித்தால்தான் படிக்க வரும். அந்தத் தாளைக் கிழித்தெடுத்து ஜன்னலில் தூக்கிப் பிடித்தாள். 'கெசையாவின் தாய் அஃபி, என் மகளுக்குத் தன் பாலைக் கொடுத்தவள். அந்தக் கடனை நான் தீர்த்ததில்லை. அவள் வயிற்றில் பிறந்தவளும் பேரப்பிள்ளைகளும் இனி யாருக்கும் உடைமை அல்லர்.' கீழே அப்பாவின் கையெழுத்து நடுங்கியிருந்தது.

தாளுக்குப் பின்னால் முற்றம் மங்கலாகத் தெரிந்தது. அதில் கறுப்பாக ஏழெட்டு உருவங்கள் நின்றன. அசையாமல். வீட்டைப் பார்த்தபடி.

தாளைக் கீழே இறக்கினாள். முற்றம் வெறுமையாக இருந்தது. ஆனால் பனியில் காலையில் பார்த்த ஒரு வரிசைக்குப் பக்கத்தில் இப்போது ஏழெட்டு வரிசைகள். எல்லாம் கற்களிலிருந்து வீட்டை நோக்கி வந்தவை. ஒன்றுகூடத் திரும்பவில்லை.

பீசன் முன்வாசலில் இருமினான். அவனிடம் கொடுத்துவிடலாம். கொடுத்தால், அந்த மூன்று பேரை விற்ற தொள்ளாயிரம் டாலரைத் திருப்ப வேண்டும், வீடு போகும், வென்லாக்கின் மகள் திருடி என்று ஊர் காறித் துப்பும். அவளுக்குப் போக்கிடம் கிடையாது. அதை அவள் நன்றாகவே யோசித்தாள். யோசித்துவிட்டுத் தாளை மடித்துக் கணப்பில் போட்டாள். மெல்லிய தாள், ஒரே நொடியில் சுருண்டு போயிற்று.

"ஒண்ணுமில்ல, பீசன். நல்லாத் தேடிட்டேன்."

அவன் தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டான். "சரிம்மா. நீங்க சொன்னாச் சரி." குதிரையில் ஏறி, கடிவாளத்தைத் திருப்பியபின் குரல் கொடுத்தான். "கொல்லைப் பக்கம் ஒரு கெழவி வெறுங்காலோட நிக்கிறா. ஆள் வெக்கலைன்னீங்க. குளிருது, உள்ள கூப்பிட்டுக்கங்க."

என்னையும் கூட்டிக்கொண்டு போ என்று சொல்ல அவள் வாய் திறந்தது. மானம் தடுத்தது. குளம்போசை தேய்ந்து நின்றது.

பொழுது சாயத் தொடங்கியது. அவள் படிப்பறை நாற்காலியில், சுவரில் முதுகு ஒட்டும்படி உட்கார்ந்திருந்தாள். வீடு முழுக்க வேலை நடந்துகொண்டிருந்தது. கூடத்தில் பெருக்கும் ஓசை, மேலே கட்டிலில் துணி உதறி விரிக்கும் ஓசை, அடுத்த அறையில் வெள்ளிச் சாமான்களைத் தேய்க்கும் மெல்லிய கீச்சு, இவற்றுக்கெல்லாம் அடியில் பலர் மூச்சு விடுவதுபோல ஓர் இரைச்சல். பேச்சு மட்டும் இல்லை. அவள் முன்னால் பேசக்கூடாது என்பதுதானே இந்த வீட்டில் வேலைக்காரர்களுக்கு எப்போதும் இருந்த கட்டளை. சாம்பல்காரச் சோப்பு வாடை தொண்டையை அடைத்தது. இவ்வளவு பேர் இருக்கும் வீட்டில், தன் வாழ்நாளிலேயே இவ்வளவு தனியாக இருந்ததில்லை என்று அவளுக்குத் தோன்றியது.

இருட்டிக்கொண்டு வந்தது. விளக்கு வேண்டும். ஐம்பத்திரண்டு வருடப் பழக்கம். நினைப்பதற்கு முன்பே கை நீண்டுவிட்டது. ஆட்களைக் கூப்பிடச் சுவரோரம் தொங்கிய மணிக்கயிற்றைப் பிடித்து இழுத்துவிட்டாள்.

தூரத்தில், நடையின் கோடியில், மணி அடித்தது.

எல்லா ஓசையும் நின்றது. பெருக்கும் ஓசை. தேய்க்கும் ஓசை. மூச்சு.

பிறகு காலடிகள். அவசரமில்லாமல். ஒன்றல்ல. மாடியிலிருந்து. கூடத்திலிருந்து. கொல்லையிலிருந்து.

கதவு திறந்தது.

முதலில் வந்தவள் கையில் விளக்கு இருந்தது. அஃபி. செத்து முப்பது வருடமானவள். தலையிலும் தோளிலும் பனி. கணப்புக்குப் பக்கத்தில் வந்தும் அது உருகவில்லை. அவளுக்குப் பின்னால் வந்தவர்கள் கிண்ணமும், சீப்பும், நீளமான வெள்ளைத் துணியும் கொண்டுவந்தார்கள். அவர்கள் மேல் மண் அப்பியிருந்தது.

இந்த வீட்டில் யார் செத்தாலும் குளிப்பாட்டி உடுத்துவது அந்தக் காலத்தில் அஃபியின் வேலை.

"நான் சாகல," என்றாள் மில்டிரெட். "அஃபி. நான் சாகல. வக்கீலுக்கு நானே எழுதித் தர்றேன், இப்பவே..."

அஃபி ஒரு துணியை அவள் மோவாய்க்குக் கீழே கொடுத்து, இரண்டு கன்னத்திலும் ஏற்றி, உச்சந்தலையில் இறுக்கி முடிந்தாள். வாய் மூடிக்கொண்டது. அவளை மேசையில் கிடத்தினார்கள். பூட்ஸைக் கழற்றினார்கள், முகம் துடைத்தார்கள், தலை வாரினார்கள். எந்தக் கையிலும் கோபம் இல்லை. பதவிசான, கைதேர்ந்த கைகள். அவளால் விரலை அசைக்க முடியவில்லை.

பிறகு கதவை அகலத் திறந்து வைத்தார்கள். எசமானர் வீட்டில் இழவு விழுந்தால் எல்லா ஆட்களும் வரிசையாக வந்து ஒரு தடவை முகம் பார்த்துவிட்டுப் போவது வழக்கம். ஒவ்வொருவராக வந்து குனிந்தார்கள். கற்களுக்கு அடியில் கிடந்தவர்கள். அவளுக்கு முகம் மறந்தவர்கள். அவள் அப்பா விற்றவர்கள், தாத்தா விற்றவர்கள், எங்கெங்கோ செத்து இங்கே நடந்து வந்தவர்கள். மேசையிலிருந்து ஜன்னல் தெரிந்தது. வரிசை முற்றத்தைத் தாண்டி, பனியில் கறுப்பாக, வெளி வாசலுக்கு அப்பால் ரிச்மண்ட் சாலையில் வளைந்து, கண்ணுக்கெட்டிய தூரம்வரை போய்க்கொண்டிருந்தது.

வரிசை முடிந்ததும் கண்களை மூடி மேலே வைப்பதற்காக, அஃபி இரண்டு செப்புக்காசுகளோடு அவள் தலைமாட்டில் காத்துக்கொண்டு நின்றாள்.